எமிகோ எதைப் பார்த்தாள்?

1954-ல் வெளிவந்த ‘கோஜிரா’ படத்தில் என்னை அதிகம் பயமுறுத்திய காட்சியில் கோஜிரா கிடையாது. ஒரு ஆய்வுக்கூடம். ஒற்றைக் கண்ணில் கறுப்புத் துணி கட்டிய செரிசாவா என்ற விஞ்ஞானி. பக்கத்தில் அவனுக்கு நிச்சயிக்கப்பட்ட பெண் எமிகோ. இருவரும் ஒரு பெரிய மீன்தொட்டி முன்னால் நிற்கிறார்கள். அவன் சின்னதாக எதையோ தண்ணீருக்குள் போடுகிறான். எமிகோ பார்க்கிறாள். அவள் முகம் மாறுகிறது. அலறிக்கொண்டு முகத்தைப் பொத்திக்கொள்கிறாள். அவ்வளவுதான், காட்சி முடிந்துவிடுகிறது.

தொட்டிக்குள் என்ன நடந்தது என்று நமக்குக் காட்டுவதில்லை. படம் வேறு விஷயங்களுக்குப் போய்விடுகிறது. கோஜிரா கரையேறுகிறது, டோக்கியோ எரிகிறது, ஆஸ்பத்திரிகள் நிரம்பி வழிகின்றன. அதற்கெல்லாம் பிறகுதான் அந்தத் தொட்டிக்குள் நாம் பார்க்க முடிகிறது. அதுவரை படத்தின் மிகப் பெரிய ரகசியம் ஒரு பெண்ணின் முகத்தில் மட்டும் பத்திரமாக இருக்கிறது.

இந்தப் படத்தை ஒரு ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் அம்மாவோடு உட்கார்ந்து பார்த்தேன். அம்மாவுக்கு சப்டைட்டில் வேகமாகப் படிக்க வராது, நான்தான் நடுநடுவே கதை சொல்லிக்கொண்டிருந்தேன். மீன்தொட்டிக் காட்சி முடிந்ததும், “அந்தப் பொண்ணு அப்படி என்னத்தப் பாத்துச்சு?” என்றார். பொறும்மா, பின்னாடி வரும் என்றேன். கோஜிரா ரயிலைக் கடித்தபோதும் கட்டடங்களைச் சாய்த்தபோதும் அம்மா பெரிதாகக் கண்டுகொள்ளவில்லை. “பொம்மை மாதிரி இருக்கே” என்று ஒரு வரி. பத்து நிமிஷத்துக்கு ஒரு தடவை மட்டும் அதே கேள்வி: “அவ இன்னும் சொல்லலியா?”

அம்மா சரியான படத்தைத்தான் பார்த்துக்கொண்டிருந்தார் என்று எனக்குப் பிறகுதான் உறைத்தது. நான் ராட்சதப் பிராணிப் படம் பார்த்துக்கொண்டிருந்தேன். அவர் எமிகோவின் படத்தைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

எமிகோவாக நடித்தவர் பெயர் மோமோகோ கோச்சி. கோஜிராவின் ரப்பர் உடைக்குள் இருந்த ஹருவோ நகாஜிமாவை ரசிகர்களுக்குத் தெரியும். இயக்குநர் இஷிரோ ஹோண்டா, தந்திரக் காட்சிகளின் ஐஜி சுபுராயா, இசையமைத்த அகிரா இஃபுகுபே என்று எல்லோருக்கும் புத்தகங்கள் இருக்கின்றன. கோச்சியைப் பற்றித் தேடினால் கிடைப்பவை ஒரே வரியின் வெவ்வேறு வடிவங்கள்: ‘முதல் காட்ஸில்லா படத்தின் கதாநாயகி’. கொஞ்சம் நேரம் செலவழித்தால் அந்த வரிக்கு முன்னும் பின்னும் ஒரு நீண்ட வாழ்க்கை இருப்பது தெரியும்.

*

கோச்சி 1932 மார்ச் 7-ஆம் தேதி டோக்கியோவில் பிறந்தார். உண்மையான குடும்பப் பெயர் ஒகோச்சி. முன்னால் இருக்கும் ‘ஒ’ என்ற எழுத்துக்குப் ‘பெரிய’ என்று பொருள். திரைப்பெயரில் அந்தப் ‘பெரிய’வை எடுத்துவிட்டார்கள். எடுத்ததற்கு என்ன காரணமோ, எனக்கு அது பொருத்தமாகவே படுகிறது. ஏனென்றால் அந்தக் குடும்பப் பெயரின் நிழல் உண்மையிலேயே பெரியது.

அவருடைய தாத்தா மசதோஷி ஒகோச்சி. பொறியாளர், பிரபுக் குடும்பம். 1921 முதல் 1946 வரை ரிகென் என்ற ஆய்வு நிறுவனத்தின் இயக்குநர். ஜப்பானிய இயற்பியலும் வேதியியலும் வளர்ந்த இடம் அது. ஆய்வுக்கூடத்தில் கண்டுபிடிப்பதைத் தொழிற்சாலையில் பொருளாக்கி விற்று, அந்தப் பணத்தில் அடுத்த ஆய்வைச் செய்வது ஒகோச்சியின் வழி. அப்படி முளைத்த கம்பெனிகளில் ஒன்று 1936-ல் தொடங்கிய ரிகென் கான்கோஷி. இன்று அதன் பெயர் ரிக்கோ. எங்கள் ஆபீஸில் மாதம் இரண்டு முறை பேப்பர் சிக்கிக்கொள்ளும் பிரிண்டரின் மேல் இருக்கும் அதே பெயர். கோச்சியைப் பற்றிப் படித்த வாரத்தில் அந்தப் பிரிண்டர் முன்னால் கொஞ்சம் மரியாதையோடுதான் நின்றேன்.

ரிகெனுக்கு இன்னொரு முகமும் உண்டு. யோஷியோ நிஷினா அங்கேதான் சைக்ளோட்ரான்களைக் கட்டினார். அணுக்கருவைப் பிளந்து படிப்பதற்கான இயந்திரங்கள். போர்க்காலத்தில் ஜப்பான் ராணுவத்துக்காக நடந்த அணுகுண்டு ஆராய்ச்சியும் அவர் தலைமையில்தான் நடந்தது. குண்டு எதுவும் உருவாகவில்லை. போர் முடிந்ததும், 1945 நவம்பரில், அமெரிக்க ராணுவம் அந்த சைக்ளோட்ரான்களை உடைத்து டோக்கியோ விரிகுடாவில் கொண்டுபோய்ப் போட்டது.

ஒன்பது வருஷம் கழித்து ஒரு சினிமா. அதில் ஒரு விஞ்ஞானி, தன் கண்டுபிடிப்பு ஆயுதமாகிவிடும் என்று பயந்து, அதை டோக்கியோ விரிகுடாவின் அடியில் ஒரே ஒரு முறை பயன்படுத்திவிட்டு, தானும் அங்கேயே செத்துப்போகிறான். மேலே கப்பலில் நின்று அழும் பெண்ணாக நடித்தவர், உண்மையில் அதே விரிகுடாவில் இயந்திரங்கள் மூழ்கடிக்கப்பட்ட ஆய்வு நிறுவனத்தின் இயக்குநருடைய பேத்தி.

யாரும் திட்டமிட்டுச் செய்ததில்லை இது. தற்செயல்தான். நானும் இதிலிருந்து தத்துவம் எதுவும் பிழியப் போவதில்லை. ஆனால் அந்தப் படத்தில் நடித்தவர்களுக்கும் பார்த்தவர்களுக்கும் அழிவு என்பது கற்பனைச் சரக்கு இல்லை என்பதை மட்டும் நினைவில் வைத்துக்கொள்ளலாம். கோச்சிக்குப் பதின்மூன்று வயது முடிந்து மூன்றாம் நாள், 1945 மார்ச் 10 விடியும்போது, டோக்கியோவின் கிழக்குப் பகுதி அமெரிக்க விமானங்கள் போட்ட தீக்குண்டுகளில் எரிந்துகொண்டிருந்தது. 1954 மார்ச் 1 அன்று பிகினி தீவில் நடந்த ஹைட்ரஜன் குண்டுச் சோதனையின் சாம்பல் ஒரு ஜப்பானிய மீன்பிடிப் படகின் மேல் விழுந்தது. படகின் வானொலி இயக்குநர் செப்டம்பரில் இறந்தார். ‘கோஜிரா’ நவம்பர் 3-ல் வெளியானது. சுமார் 96 லட்சம் பேர் பார்த்தார்கள். அவர்களில் யாருக்கும் எரியும் டோக்கியோவைப் புதிதாகக் காட்ட வேண்டியிருக்கவில்லை.

*

1953-ல் தோஹோ நிறுவனம் புதுமுகங்களைத் தேர்ந்தெடுத்தபோது கோச்சி உள்ளே வந்தார். அதே அணியில் வந்தவர் அகிரா தகாராதா. அடுத்த வருஷமே இருவரும் ‘கோஜிரா’வில் ஜோடி.

கதையை இப்படிச் சுருக்கலாம். எமிகோவின் அப்பா டாக்டர் யமானே தொல்லுயிரியலாளர். கோஜிராவைக் கொல்லக் கூடாது, ஆராய வேண்டும் என்கிறார். எமிகோ காதலிக்கும் ஒகாதா, கொன்றே ஆக வேண்டும் என்கிறான். சின்ன வயதிலிருந்தே அவளுக்கு என்று பேசி வைத்திருக்கும் செரிசாவா, தன்னிடம் இருக்கும் ஆயுதம் வெளியே தெரியவே கூடாது என்கிறான். மூன்று ஆண்கள், மூன்று கொள்கைகள். மூன்றுமே நியாயமானவை. மூவரும் தங்கள் கொள்கையைப் பிடித்துக்கொண்டு நிற்க, ஊர் எரிந்து முடிந்துவிடுகிறது.

எமிகோ செரிசாவாவின் வீட்டுக்குப் போவதே, நான் ஒகாதாவைக் காதலிக்கிறேன் என்று சொல்லத்தான். போன இடத்தில் மீன்தொட்டியைப் பார்க்கிறாள். ‘யாரிடமும் சொல்ல மாட்டேன்’ என்று சத்தியம் செய்துவிட்டு வருகிறாள். ஒரு ரகசியத்தை இறக்கி வைக்கப் போனவள் அதைவிடக் கனமான இன்னொன்றைச் சுமந்துகொண்டு திரும்புகிறாள். அந்தக் காட்சிக்குப் பிறகு கோச்சியின் நடிப்பைக் கவனியுங்கள். எல்லோரும் பேசும்போது அவர் கொஞ்சம் பிந்திக் கேட்கிறார். மனம் வேறெங்கோ இருக்கிற ஒருவர் வீட்டு வேலைகளைச் செய்கிற மாதிரி.

அப்புறம் ஆஸ்பத்திரிக் காட்சி. தரையெல்லாம் காயம்பட்டவர்கள். ஒரு குழந்தைக்குப் பக்கத்தில் கதிர்வீச்சுமானியைப் பிடித்துப் பார்க்கிறார் மருத்துவர். எமிகோவைப் பார்த்துத் தலையை ஆட்டுகிறார், பிழைக்காது என்று. பிணமாகிவிட்ட தாயைத் தூக்கிக்கொண்டு போக, ஒரு சின்னப் பெண் கத்தி அழுகிறாள். எமிகோ அவளை அணைத்துக்கொள்கிறாள். அந்த இடத்தில்தான் அவள் முடிவெடுக்கிறாள். ஒகாதாவைத் தனியாக அழைத்துப்போய், நான் ஒரு வாக்கை மீறப்போகிறேன் என்கிறாள்.

“சொல்லிட்டாளா!” என்றார் அம்மா, பக்கத்து வீட்டுப் பிரச்சினை தீர்ந்த மாதிரி.

இப்போதுதான் நமக்கும் மீன்தொட்டி காட்டப்படுகிறது. நீர் கொதித்து, மீன்கள் எலும்பாகி, எலும்பும் கரைந்துபோகிறது. உண்மையில் அதைப் பார்க்கும்போது பெரிய அதிர்ச்சி இல்லை. கோச்சியின் முகம் ஏற்கெனவே காட்டிவிட்டது.

அந்த முகம் எதைப் பார்த்து மாறியது என்று யோசித்துப் பாருங்கள். ஹோண்டாவின் குழு நடிகர்களை வைத்துப் படமெடுத்தது. சுபுராயாவின் குழு தனியாக உடையையும் மாதிரி நகரத்தையும் வைத்து எடுத்தது. இரண்டும் பிறகுதான் சேர்க்கப்பட்டன. ஒடோ தீவில் மலைக்கு மேல் கோஜிராவின் தலை முதன்முதலாகத் தெரியும் காட்சியில் கோச்சி கீழே விழுந்து அலறுகிறார். அவர் முன்னால் இருந்தது வெறும் மலை. இன்று பச்சைத் திரை முன்னால் நடிப்பதைப் பற்றி எவ்வளவோ பேசுகிறார்கள். இருபத்திரண்டு வயதில், நடிப்புக்கு வந்த மறு வருஷம், இல்லாத ஒன்றின் உயரத்தை அவர் தன் கண்களால் அளந்து காட்ட வேண்டியிருந்தது. கோஜிரா ஐம்பது மீட்டர் என்று நாம் நம்புவதற்கு மாதிரிக் கட்டடங்கள் பாதிக் காரணம். அண்ணாந்து பார்க்கும் முகங்கள் மீதிக் காரணம். ‘அலறும் கதாநாயகி’ என்று இளக்காரமாகச் சொல்கிறார்களே, அந்த வேலையின் உள்ளடக்கம் இதுதான்.

*

இதற்குப் பிறகு கோச்சிக்குத் திரையில் நடந்தவற்றை வரிசையாக வைத்துப் பார்த்தால் யாரோ வேண்டுமென்றே அழித்த மாதிரி இருக்கும்.

முதலில் அமெரிக்கா. 1956-ல் ‘கோஜிரா’வை வெட்டி, ரேமண்ட் பர் என்ற நடிகரை ஒரு அமெரிக்க நிருபராகப் புதிதாகப் படமெடுத்துச் சேர்த்து, ‘காட்ஸில்லா, கிங் ஆஃப் த மான்ஸ்டர்ஸ்’ என்று வெளியிட்டார்கள். பர் டோக்கியோ பக்கமே போகவில்லை. அவர் எமிகோவோடு பேசுவதாகக் காட்ட, கோச்சிக்குப் பதில் வேறொரு பெண்ணை முதுகுப் பக்கமிருந்து எடுத்தார்கள். குரலும் வேறொருவருடையது. அந்த வடிவத்தில், எமிகோ வாக்கை மீறும் இடத்தில் அறைக்குள் ஒகாதாவோடு அந்த நிருபரும் இருக்கிறார். மூலப்படத்தில் காதலனிடம் மட்டும் உடைந்து சொன்ன வார்த்தை, இங்கே ஒரு பத்திரிகைக்காரருக்குக் கிடைத்த தகவலாகிவிடுகிறது. அமெரிக்கத் திரையரங்குகளுக்கு மூலப்படம் பரவலாக வந்தது 2004-ல்தான். ஏறக்குறைய ஐம்பது வருஷம், உலகத்தின் பெரும்பகுதிக்குத் தெரிந்த எமிகோ என்பவள் கோச்சியின் முகம், இன்னொருவர் குரல், மூன்றாமவர் முதுகு.

எங்கள் செட்டுக்கு இதுகூடத் தெரியாது. எங்களுக்குக் காட்ஸில்லா என்றால் 1998-ல் வந்த ஹாலிவுட் படம். நியூயார்க் தெருக்களில் ஓடுகிற பெரிய பல்லி.

அடுத்தது 1955-ல் ஹோண்டாவே இயக்கிய பனிமனிதன் படம். ஆங்கிலத்தில் ‘ஹாஃப் ஹ்யூமன்’ என்பார்கள். கோச்சியும் தகாராதாவும் மறுபடி ஜோடி. அந்தப் படத்தில் மலைக்குள் ஒதுங்கி வாழும் கிராமத்தாரைக் காட்டிய விதம், ஜப்பானில் பரம்பரை பரம்பரையாகத் தீண்டத்தகாதவர்களாக நடத்தப்பட்ட புராகுமின் மக்களை இழிவுபடுத்துவது என்ற சங்கடத்தால் தோஹோ அதைப் பூட்டி வைத்துவிட்டது. வீடியோ காலத்திலிருந்து இன்றுவரை ஜப்பானில் அதிகாரபூர்வமாக வெளியிடவே இல்லை. அந்தச் சங்கடம் நியாயமானது. அந்தச் சித்திரிப்பை நானும் ஆதரிக்க மாட்டேன். ஆனால் பெட்டிக்குள் போனது கோச்சியின் ஒரு கதாநாயகி வேடமும்தான். வெளியே கிடைப்பது 1958-ன் அமெரிக்க வெட்டு. அதில் டப்பிங்கும் இல்லை. ஜான் கேரடைன் உட்கார்ந்து கதை சொல்கிறார், ஜப்பானிய நடிகர்கள் வாயசைக்கிறார்கள். முதல் படத்தில் குரல் மாற்றப்பட்டது, இரண்டாவதில் குரலே போனது.

மூன்றாவது, 1957 டிசம்பரில் வந்த ‘த மிஸ்டீரியன்ஸ்’. வண்ணப்படம், தோஹோவின் அகலத்திரை. வேற்றுக்கிரகவாசிகள் பூமிக்கு வந்து கொஞ்சம் நிலம் கேட்கிறார்கள். கூடவே பூமிப் பெண்களைக் கல்யாணம் செய்துகொள்ளும் உரிமையும் கேட்கிறார்கள். அணுப்போரால் தங்கள் இனமே கெட்டுவிட்டதாம். கேட்ட பெண்களில் இருவர் படத்தின் நாயகிகள்: யூமி ஷிராகாவா, கோச்சி. கோச்சியின் பாத்திரம் ஹிரோகோ. விஞ்ஞானி ஷிராய்ஷி அவளோடு செய்த நிச்சயதார்த்தத்தை முறித்துவிட்டுப் போயிருக்கிறான். ஷிராய்ஷியாக நடித்தவர் அகிஹிகோ ஹிராதா, அதாவது செரிசாவாவாக நடித்த அதே ஆள். மூன்று வருஷம் முன்னால் இவள் அவனை விட்டு விலக நினைத்தாள். இப்போது அவன் இவளை விட்டுவிட்டான். இரண்டிலும் கடைசியில் அவன் உயிரைக் கொடுக்கிறான். வித்தியாசம் என்னவென்றால், எமிகோவிடம் ஒரு முடிவு இருந்தது. கதை அவள் வாய் திறப்பதற்காகக் காத்திருந்தது. ஹிரோகோவுக்கு எதுவும் இல்லை. அவளைக் கடத்துகிறார்கள், காப்பாற்றுகிறார்கள். தொழில்நுட்பத்தில் படம் எவ்வளவோ முன்னேறியிருக்கிறது. அந்த முன்னேற்றத்தில் அவருக்கு இடமில்லை.

அடுத்த வருஷம், 1958-ல், கோச்சி தோஹோவை விட்டு வெளியேறினார். வயது இருபத்தாறு.

*

வெளியேறியவர் கல்யாணம் செய்துகொண்டு திரையுலகை விட்டு ஒதுங்கினார் என்று முடிவது அந்தக் காலத்து நடிகைகள் பலரின் கதை. கோச்சி செய்தது வேறு. ஹாய்யூசா என்ற நாடகக் குழுவின் பயிற்சிப் பள்ளியில் மாணவியாகச் சேர்ந்தார்.

ஹாய்யூசா 1944-ல் தொடங்கியது. நிறுவியவர்களில் ஒருவரான கொரேயா செண்டா ஜெர்மனியில் இருந்துவிட்டு வந்தவர், பிரெக்டை ஜப்பானுக்குக் கொண்டுவந்தவர்களில் முக்கியமானவர். அதன் பயிற்சிப் பள்ளி கண்டிப்புக்குப் பேர்போனது. தத்சுயா நகாதாய் அங்கே படித்துவிட்டுத்தான் சினிமாவுக்குப் போனார். நம் ஊரில் கூத்துப்பட்டறையிலிருந்து சினிமாவுக்குப் போனவர்களை நமக்குத் தெரியும். அங்கேயும் வழக்கமான திசை அதுதான். கோச்சி எதிர்த் திசையில் நடந்தார். ஐந்து வருஷம் கதாநாயகியாக இருந்துவிட்டு, சுவரொட்டிகளில் முகம் வந்த பிறகு, மூச்சு விடுவது எப்படி, மேடையில் நிற்பது எப்படி என்று முதல் பாடத்திலிருந்து.

இதை என் துறையில் யோசித்துப் பார்க்கிறேன். டீம் லீடாக இருக்கும் ஒருத்தர் வேலையை விட்டுவிட்டு ஃப்ரெஷர்களோடு மறுபடி ட்ரெயினிங்கில் உட்கார்ந்தால் என்ன சொல்வார்கள்? “என்ன ஆச்சு அவருக்கு?” என்பார்கள். மெதுவாகக் கேட்பார்கள், யாரோ செத்துவிட்ட மாதிரி. முப்பதுகளில் இருக்கும் எங்கள் எல்லோருக்கும் இந்தப் பயம் உண்டு. கீழே இறங்குவதைவிட, இறங்கியதாகப் பிறர் நினைப்பதுதான் பயம். ‘கோஜிரா நடிகை’ என்ற முத்திரை பிடிக்காமல்தான் கோச்சி விலகினார் என்று பொதுவாகச் சொல்கிறார்கள். இருக்கலாம். ஆனால் ஒன்றைத் தவிர்ப்பதற்காக மட்டும் யாரும் இவ்வளவு கஷ்டப்பட மாட்டார்கள் என்று எனக்குத் தோன்றுகிறது. முத்திரையை உரிக்க வேறு ஸ்டூடியோவுக்குப் போனால் போதும். பள்ளிக்கூடத்துக்குப் போகிறவர், கற்றுக்கொள்ள ஏதோ பாக்கி இருக்கிறது என்று நினைப்பவர்.

படித்து முடித்து அதே குழுவில் சேர்ந்தார். அங்கிருந்து கடைசிவரை அவருடைய முதன்மையான அடையாளம் மேடை நடிகை என்பதுதான். திரையில் ஐந்து வருஷம், அதற்குப் பிறகு முப்பது வருஷத்துக்கும் மேல் நாடகம், இடையிடையே தொலைக்காட்சி.

இங்கேதான் எனக்கு ஒரு கணக்கு இடிக்கிறது. அவருக்கு மறக்கப்பட்டவர் என்று பெயர். யார் மறந்தது? டோக்கியோவில் நாடகம் பார்க்கப் போனவர்கள் அவரை வருஷா வருஷம் பார்த்துக்கொண்டிருந்தார்கள். நாம்தான் பார்க்கவில்லை, ஏனென்றால் அது கோப்பாக நம்மிடம் வரவில்லை. மேடையில் நடந்தது அன்று ராத்திரியே முடிந்துவிடும். தரவிறக்க முடியாது, 4கே-யில் மீட்டெடுக்க முடியாது. ஆகவே கிடைக்கிற ஐந்து வருஷத்தை அவர் வாழ்க்கை என்றும், கிடைக்காத முப்பது வருஷத்தை மறைவு என்றும் எழுதி வைத்துவிட்டோம்.

எங்கள் தொழிலில் சேமிக்கப்படாதது நடக்காதது. லாக்கில் இல்லையென்றால் அந்தச் சம்பவமே இல்லை. அந்தப் பழக்கத்தில் மனிதர்களையும் அப்படியே பார்க்க ஆரம்பித்துவிடுகிறோம். என் அம்மா கல்லூரியில் மூன்று வருஷம் நாடகம் போட்டவர். ஒரு வருஷம் ராஜா வேஷம் கட்டி, ஊரே பேசியதாகப் பெரியம்மா இன்றும் சொல்வார். ஒரு போட்டோகூட இல்லை. அன்றைக்குப் படம் பார்க்கும்போது கோச்சி மேடைக்குப் போன கதையைச் சொன்னேன். அம்மா உடனே, “நல்லதுதான். நாடகத்துல முன்னாடி உட்கார்ந்திருக்கறவன் மூச்சு கேக்கும். கேமராவுக்கு மூச்சு இருக்கா?” என்றார். நாற்பது வருஷமாக மேடையேறாதவர் சொன்னது. எந்தக் கோப்பிலும் இல்லாத ஒன்று அவரிடம் அப்படியே இருக்கிறது.

*

கோச்சி நடித்த தொலைக்காட்சித் தொடர்களில் ஒன்று 1990-ல் தொடங்கிப் பல வருஷங்கள் ஓடிய குடும்பத் தொடர். மாமியார் வேடம். ‘இந்த உலகத்தில் ராட்சதர்கள் யாருமில்லை’ என்று ஜப்பானில் ஒரு பழமொழி உண்டு. எங்கே போனாலும் நல்லவர்கள் இருப்பார்கள் என்று அர்த்தம். அதைத் திருப்பிப்போட்டு, ‘எங்கும் ராட்சதர்கள்தான்’ என்று அந்தத் தொடருக்குத் தலைப்பு. ராட்சதப் படங்களை விட்டு வந்தவருக்குக் கிடைத்த தொடரின் பெயர் இது. அவர் சிரித்திருப்பார் என்று நினைத்துக்கொள்ள எனக்குப் பிடிக்கும்.

1995-ல் தோஹோ மறுபடி கூப்பிட்டது. ‘காட்ஸில்லா வெர்சஸ் டெஸ்டரோயா’. அந்தத் தலைமுறைக் கோஜிரா சாகப் போகும் படம் என்று முன்கூட்டியே விளம்பரம் செய்திருந்தார்கள். அதற்குள் முதல் படத்துக்காரர்களில் பெரும்பாலோர் போய்விட்டார்கள். சுபுராயா 1970-ல். யமானேயாக நடித்த தகாஷி ஷிமுரா 1982-ல். ஹிராதா 1984-ல். ஹோண்டா 1993-ல். முதன்மை நடிகர்கள் நால்வரில் மிஞ்சியவர்கள் தகாராதாவும் கோச்சியும்தான். கோச்சி வந்தார், எமிகோவாகவே. தலை நரைத்த எமிகோ.

சில நிமிடங்கள்தான் வருகிறாள். செரிசாவா தன் ஆய்வுத் தாள்களையெல்லாம் எரித்துவிட்டுச் செத்தான். கண்டுபிடிப்பின் ஒரே பேக்கப் அவன் மூளை. அதையும் சேர்த்து அழித்தான். ஆனால் இப்போது இன்னொரு இளம் விஞ்ஞானி வேறு வழியில் அதே வாசலுக்கு வந்துவிட்டான். அறிவு அப்படித்தான், ஒருவர் எரித்தால் இன்னொருவர் கண்டுபிடிப்பார். அது என்ன செய்யும் என்பதைக் கண்ணால் பார்த்தவர்கள் மட்டும் திரும்பக் கிடைக்க மாட்டார்கள். அந்தத் தொட்டி முன்னால் நின்றவர்களில் மிச்சம் எமிகோ ஒருத்திதான். அவள் எச்சரிக்கிறாள், இளையவர்கள் பாதிதான் கேட்கிறார்கள். போதாததற்கு, படத்தின் புதிய ராட்சதம், அன்று விரிகுடாவில் பயன்படுத்திய அதே ஆயுதத்தின் விளைவாக உருவானது. எமிகோ வாக்கை மீறியதால் டோக்கியோ பிழைத்தது. அதன் விலையின் இன்னொரு தவணை நாற்பத்தொரு வருஷம் கழித்து வந்து நிற்கிறது. அவள் செய்தது சரியா தவறா என்று படம் தீர்ப்புச் சொல்வதில்லை. கோச்சியின் முகத்திலும் தீர்ப்பு இல்லை. செய்தேன், அதோடு வாழ்ந்தேன் என்பது மட்டும் இருக்கிறது. முப்பது வருஷம் மேடையில் நின்ற ஒருவரால்தான் அவ்வளவு குறைவாகச் செய்ய முடியும் என்று நினைக்கிறேன்.

அந்தப் படத்திலும் அவள் பெயர் எமிகோ யமானே. அப்பாவின் குடும்பப் பெயர் அப்படியே இருக்கிறது. ‘எமிகோவோடு சந்தோஷமாக இரு’ என்று ஒகாதாவிடம் சொல்லிவிட்டுத்தான் செரிசாவா செத்தான். அது நடக்கவில்லை போலிருக்கிறது. படம் அதை வசனமாகச் சொல்லவில்லை. பெயரில் வைத்துவிட்டு நகர்ந்துவிடுகிறது.

மோமோகோ கோச்சி 1998 நவம்பர் 5-ல் காலமானார். வயது அறுபத்தாறு. முதல் படம் வெளியாகி நாற்பத்து நான்கு வருஷமும் இரண்டு நாளும் ஆகியிருந்தன. ஹாய்யூசா நாடக அரங்கம் ரொப்பொங்கியில் ‘கோஜிரா’ வந்த அதே 1954-ல் திறந்தது. 2025 ஏப்ரலில் அதையும் மூடிவிட்டார்கள்.

‘கோஜிரா’ மட்டும் சுலபமாகக் கிடைக்கிறது. பார்த்தால் ஜப்பானிய மூல வடிவத்தைப் பாருங்கள், அமெரிக்க நிருபர் வந்தால் உடனே நிறுத்திவிடுங்கள். முடிந்தால் வீட்டில் யாராவது ஒரு பெரியவரைப் பக்கத்தில் வைத்துக்கொள்ளுங்கள். ராட்சதத்தை நீங்கள் பார்த்துக்கொள்ளலாம். அவள் எப்போது சொல்லப் போகிறாள் என்று அவர்கள் கேட்டுக்கொண்டிருப்பார்கள்.